அந்தக் குரலுக்கு ஒரு பெயர் இருக்கிறது

மாதவிடாயைப் பற்றி டிஸ்னி நிறுவனம் எடுத்த பழைய கல்விப் படத்தின் ஞாயிற்றுக்கிழமைத் திரையிடலில் நடந்ததைப் பற்றிப் பலரும் எழுதிவிட்டீர்கள். நானும் அங்கே இருந்தேன் என்பதால் சொல்லாமல் இருக்க முடியவில்லை. "படத்தில் பேசுகிறவர் யார்?" என்று ஒரு மாணவி கேட்டார். அறிமுக உரை நிகழ்த்தியவர் "யாரோ ஒரு நடிகை, ஜோன் பிளாண்டெலின் தங்கை" என்று சொல்லிவிட்டு, மறுபடியும் வால்ட் டிஸ்னியைப் பற்றிப் பேசப் போய்விட்டார். அந்த நடிகையின் பெயர் குளோரியா பிளாண்டெல்; ஹாலிவுட் நடிகை ஜோன் அவருடைய அக்கா. கேட்டவருக்கு அந்தப் பெயரைச் சொல்லியிருக்க வேண்டும்.

அந்தப் படமான 'தி ஸ்டோரி ஆஃப் மென்ஸ்ட்ருவேஷன்' (மாதவிடாயின் கதை) 1946-இல் வந்த, சுமார் 10 நிமிடம் ஓடும் அனிமேஷன் கல்விப் படம். பிட்யூட்டரி சுரப்பி அனுப்பும் செய்தியில் தொடங்கி, கருப்பையின் உட்சுவர் தடித்து உதிர்வது வரை, பருவமடையும் பெண்ணின் உடலுக்குள் நடப்பதை அது பொறுமையாக விளக்குகிறது. அமெரிக்கப் பள்ளிகளில் 10 கோடிக்கும் மேற்பட்டோர் அதைப் பார்த்திருப்பார்கள் என்பது மதிப்பீடு. 2015-இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் பாதுகாக்க வேண்டிய படங்களுக்கான தன் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் அதைச் சேர்த்தது. அந்தப் படத்தைக் கடைசிவரை நடத்திச் செல்வது குளோரியாவின் குரல்.

ஆனால் அவரைப் பற்றிப் பேச வாயெடுத்தாலே அக்காவின் பெயர் வருகிறது. இல்லையென்றால், ஜேம்ஸ் பாண்ட் படங்களைப் பின்னாளில் தயாரித்த ஆல்பர்ட் பிராக்கொலியின் முன்னாள் மனைவி என்ற குறிப்பு வருகிறது. 1938-இல் 'ஆக்சிடென்ட்ஸ் வில் ஹேப்பன்' படத்தில் ரொனால்ட் ரீகனுடன் நடித்தவர் அவர். வானொலி நாடகங்களில் பேசியவர், டெய்சி டக் என்ற டிஸ்னி கார்ட்டூன் வாத்துக்குக் குரல் கொடுத்தவர், 'தி லைஃப் ஆஃப் ரைலி' தொலைக்காட்சித் தொடரில் நடித்தவர். இத்தனை வேலை செய்த ஒருவரை இன்னொருவரின் உறவாக மட்டும் அறிமுகப்படுத்துவது எனக்கு வலிக்கிறது.

"எழுதிக் கொடுத்ததைத்தானே வாசித்தார்?" என்று உடனே கேட்பீர்கள். எழுதிக் கொடுத்ததை வாசிப்பது அவ்வளவு எளிதா? எங்கள் பள்ளியில் இனப்பெருக்க மண்டலம் பற்றிய பாடம் வந்த அன்று, ஆசிரியை அந்தப் பக்கங்களைச் சேர்த்துப் பிடித்துப் புரட்டிவிட்டு, "இதை வீட்டில் படித்துக்கொள்ளுங்கள்" என்றார். அச்சில் இருந்த, அரசே பாடமாக வைத்த வரிகள்தான் அவை. அவற்றைச் சத்தமாகச் சொல்ல அவருக்குக் குரல் எழவில்லை. முன்வரிசையில் இருந்த நாங்கள் தலையைக் குனிந்துகொண்டோம். ஏதோ நாங்கள்தான் தப்பு செய்துவிட்டதுபோல. அதற்கு எத்தனையோ ஆண்டுகளுக்கு முன்பே இந்த நடிகை தயக்கமோ குழைவோ இல்லாமல், ரகசியம் பேசும் தொனியும் இல்லாமல், உறுப்புகளை அவற்றின் பெயர்களாலேயே சொல்லியிருக்கிறார். அது சும்மா வாசிப்பு அல்ல.

அது நாப்கின் நிறுவனத்தின் பணத்தில் வந்த படம் என்பதும் உண்மையே. அந்த நிறுவனத்தின் கோடெக்ஸ் நாப்கின் விற்பனைக்காகத்தான் எடுத்தார்கள். கூடவே கையேடும் கொடுத்தார்கள். உதிரத்தைச் சிவப்பாகக் காட்டாமல் வெள்ளையாகக் காட்டியதையும், உடலுறவைப் பற்றி வாய் திறக்காததையும் நானும் குறையாகவே பார்க்கிறேன். ஆனால் நிறத்தைத் தீர்மானித்தது குளோரியாவா? முடிவெடுத்தவர்களைப் புகழும்போது அவர்கள் பெயரைச் சொல்கிறோம், குறை சொல்லும்போது மட்டும் அந்தப் பெண்ணின் குரலைப் பிடித்துக்கொள்கிறோம் என்றால் அது என்ன நியாயம்?

கண்ணாடி முன் அழும் பெண்ணிடம் தன்னிரக்கம் வேண்டாம் என்று படம் சொல்வதை, "பெண்ணைச் சிரிக்கச் சொல்லிக் கட்டுப்படுத்துகிறது" என்று ஒரு நண்பர் எழுதியிருந்தார். இருக்கலாம். அதே படம்தான் மாதவிடாய் நாட்களில் குளிக்கலாம், உடற்பயிற்சி செய்யலாம் என்றும் சொல்கிறது. அந்த வயதில் எனக்கு அதைக்கூட யாரும் சொல்லவில்லை. விலகி உட்கார் என்றார்கள், கேள்வி கேட்காதே என்றார்கள். இது நோயல்ல என்று நிதானமாகச் சொல்லும் ஒரு பெண்குரல் என் பன்னிரண்டு வயதில் எனக்குக் கிடைத்திருந்தால் எத்தனை பயம் இல்லாமல் போயிருக்கும் என்பதை நண்பருக்கு எப்படிப் புரியவைப்பது?

குளோரியா 1986-இல் காலமானார். பதிவேட்டில் தன் படம் சேர்ந்ததை அவர் பார்க்கவில்லை. அடுத்த மாதம் இதே படத்தை மீண்டும் திரையிடப் போவதாக அமைப்பாளர்கள் அறிவித்திருக்கிறார்கள். அந்த அறிவிப்பில் டிஸ்னியின் பெயர் மட்டும் இருக்கிறது. 'குரல்: குளோரியா பிளாண்டெல்' என்று இன்றைக்கே அதில் சேர்த்துவிடுங்கள்.