கோதை என்று பெயர் வையுங்கள்

கோதை என்பது பாட்டிமாரின் பெயராகிவிட்டது. இப்போதெல்லாம் அந்தப் பெயரைத் திருமண அழைப்பிதழ்களில்தான் பார்க்கிறேன். அதுவும் மணமகளின் பாட்டி பெயராக, பெரும்பாலும் 'காலஞ்சென்ற' என்ற சொல்லோடு.

எங்கள் குடும்பத்தில் அண்மையில் ஒரு பெண் குழந்தை பிறந்தது. என் தம்பி மகனின் மகள். பெயர் தேடி வீடே அமளிப்பட்டது. நான் கோதை என்று சொன்னேன். "ரொம்பப் பழைய பெயர் அத்தை. பொருளும் பெரிதாக ஒன்றும் இல்லை, மாலைதானே?" என்றான் அவன். மரியாதையாகத்தான் சொன்னான். குழந்தை அவனுடையது, பெயர் வைக்கும் உரிமையும் அவனுடையது, அவன் மனைவியுடையது. ஆனால் அந்த 'மாலைதானே' எனக்குப் பொறுக்கவில்லை. அவனுக்கு அன்று சொல்ல முடியாததை இங்கே எழுதுகிறேன்.

முதலில் பலருக்கு வியப்பளிக்கும் ஒரு செய்தி. கோதை ஒரு காலத்தில் ஆணின் பெயர். சாதாரண ஆணின் பெயரும் இல்லை, சேர மன்னர்களின் பெயர். புறநானூற்றின் 48ஆம் பாட்டில் பொய்கையார் தொண்டித் துறைமுகத்தைப் பாடுகிறார். அந்த ஊர் ஏன் தேன்மணம் கமழ்கிறது என்பதற்குக் காரணம் சொல்கிறார்:

"கோதை மார்பின் கோதையானும்
கோதையைப் புணர்ந்தோர் கோதையானும்
மாக்கழி மலர்ந்த நெய்தலானும்
கள்நாறும்மே கானலம் தொண்டி"

இரண்டு வரிகளில் நான்கு கோதை. அவற்றில் இரண்டு மன்னன், இரண்டு மாலை. கோதை என்னும் மன்னன் மார்பில் கிடக்கும் மாலையாலும், அவனைத் தழுவிய பெண்கள் சூடிய மாலையாலும், கழியில் மலர்ந்த நெய்தல் பூவாலும் ஊரே மணக்கிறது. வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். ஒரே சொல்லை நான்கு முறை உருட்டியும் சலிப்புத் தட்டவில்லை. அடுத்த பாட்டிலும் அதே புலவர், அதே மன்னன். இவனை நாடன் என்பேனா, ஊரன் என்பேனா, கடற்கரைச் சேர்ப்பன் என்பேனா, "ஓங்குவாள் கோதையை" எப்படிச் சொல்வேன் என்று திகைக்கிறார். ஓங்கிய வாளுக்குப் பக்கத்தில் இந்தப் பெயர் எவ்வளவு இயல்பாக நிற்கிறது!

கரூர்ப் பகுதியில் கிடைத்த பழஞ்சேரர் வெள்ளிக் காசுகளில் மன்னனின் முகமும், சுற்றிலும் தமிழ் பிராமி எழுத்தில் பெயரும் இருக்கின்றன. ஒரு வகைக் காசில் 'மாக்கோதை', இன்னொன்றில் 'குட்டுவன் கோதை'. இரண்டு பெயர்களும் புறநானூற்றிலும் உண்டு. ஏட்டில் இருந்த பெயர் உலோகத்திலும் எழுந்து வந்ததை நினைக்கும்போதெல்லாம் எனக்குச் சிலிர்ப்பு உண்டாகிறது. நம் நாட்டுப் பெண் பெயர்களில் எத்தனை பெயர்களுக்கு, அரசன் முகத்தோடு நாணயத்தில் நின்ற வரலாறு இருக்கிறது?

புறநானூற்று மாக்கோதை, 'கோட்டம்பலத்துத் துஞ்சிய' (கோட்டம்பலம் என்ற இடத்தில் இறந்த) என்ற அடையாளத்தோடு குறிக்கப்படுகிறவர், தாமே ஒரு பாட்டு எழுதியிருக்கிறார். 245ஆம் பாட்டு. மனைவி இறந்துவிட்டாள். கள்ளி வளர்ந்த களர் நிலத்தில் விறகுப் படுக்கையில் அவளைக் கிடத்தித் தீ மூட்டியாகிவிட்டது. என் துயரம் எவ்வளவு பெரியதாக இருந்தால் என்ன, என் உயிரைக் கொல்லும் வலிமை அதற்கு இல்லையே என்கிறார். "இன்னும் வாழ்வல், என்இதன் பண்பே" என்று முடிக்கிறார். போர் இல்லை, கொடை இல்லை, குலப்பெருமை இல்லை. உயிரோடு இருப்பதற்கு வெட்கப்படும் ஒரு கணவன் மட்டும் இருக்கிறான். கோதை என்ற பெயரோடு நமக்குக் கிடைத்திருக்கும் மிகப் பழைய சொந்தக் குரல் இதுதான் என்று நினைக்கிறேன். இதைப் படித்தபிறகு 'பொருள் ஒன்றும் இல்லை' என்று எவரால் சொல்ல முடியும்?

சேர நாட்டில் ஆண்களுக்கு இந்தப் பெயர் நெடுங்காலம் நிலைத்தது. 10ஆம் நூற்றாண்டில் ஆண்ட சேரமான் பெருமாள்களில் ஒருவரின் பெயர் கோதை ரவி. ஆனால் அதற்குள் பாண்டிய நாட்டில், வில்லிபுத்தூரில், ஒரு பெண் இந்தப் பெயரைத் தன்னுடையதாக்கிக்கொண்டுவிட்டாள்.

நாம் அவளை ஆண்டாள் என்கிறோம். சூடிக்கொடுத்த சுடர்க்கொடி என்கிறோம், நாச்சியார் என்கிறோம். இவை எல்லாம் பிறர் அன்பினாலும் பக்தியினாலும் சூட்டியவை. திருப்பாவையின் முப்பது பாட்டையும் நாச்சியார் திருமொழியின் நூற்று நாற்பத்து மூன்று பாட்டையும் புரட்டிப் பாருங்கள். அவள் தன்னை எங்கும் ஆண்டாள் என்று சொல்லிக்கொள்ளவில்லை. அவள் சொல்லிக்கொண்ட பெயர் கோதை. "பட்டர்பிரான் கோதை சொன்ன சங்கத்தமிழ் மாலை முப்பதும்" என்று திருப்பாவையை முடிக்கிறாள். "வில்லிபுத்தூர்க்கோன் கோதை சொல் தூய தமிழ்மாலை" என்று, திருமாலை மணப்பதாகத் தான் கண்ட கனவைச் சொல்லும் வாரணமாயிரத்தை முடிக்கிறாள். ஒரு பெண், ஏறத்தாழ ஆயிரத்து இருநூறு ஆண்டுகளுக்கு முன்பு, தான் எழுதியதன் கீழே தன் பெயரைப் போடுகிறாள். ஒருமுறை, இருமுறை அல்ல, பதிகம் பதிகமாகப் போடுகிறாள். தந்தை பெரியாழ்வாரின் பெயர் முன்னால் வருகிறது; பட்டர்பிரான், வில்லிபுத்தூர்க்கோன், விட்டுசித்தன் எல்லாம் அவரே. பாடியவள் பெயர் பின்னால் வருகிறது.

இன்னொரு முடிவுப் பாட்டு எனக்கு மிகவும் பிடித்தது. காதல் நோயின் உச்சத்தில், "அவன் இடையில் உடுத்திய பீதக ஆடையைக் கொண்டுவந்து வீசி என் வாட்டம் தணியுங்கள்" என்று பதறும் பதிகம் அது. அதை முடிக்கும்போது தன்னைப் பற்றி என்ன எழுதுகிறாள் தெரியுமா? "விட்டுசித்தன் வியன்கோதை, வில்லைத் தொலைத்த புருவத்தாள்." வியப்புக்குரிய கோதை, வில்லையே தோற்கடித்த புருவம் உடையவள்! பாட்டு முழுக்க உருகி உருகிக் கரைந்தவள், கையெழுத்துப் போடும் இடத்தில் நிமிர்ந்து நிற்கிறாள். அடக்கம்தான் பெண்ணுக்கு அழகு என்று திருப்பாவை வகுப்புகளில் போதிப்பவர்கள் இந்த வரியையும் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கவேண்டும்.

அப்படி ஒரு பெண் இருந்ததே இல்லை, பெரியாழ்வாரே பெண் குரலில் பாடிவைத்தார் என்று வாதிட்டவர்களும் உண்டு. எனக்கு அந்த வாதம் கோபத்தைத்தான் தருகிறது. பெரியாழ்வார் தம் பாட்டில் தம் பெயரைத்தான் போடுகிறார். இவள் தன் பாட்டில் தன் பெயரைப் போடுகிறாள். பாடியவள் இத்தனை முறை பெயர் சொல்லியும் நம்ப மறுப்பது, பெண்ணால் இது முடியாது என்று முன்கூட்டியே முடிவு செய்துவிட்டுப் படிப்பதுதான்.

திருப்பாவைக்கு முன் சொல்லும் தனியன்களில், அதாவது போற்றிப் பாட்டுகளில், வேதப்பிரான் பட்டர் இயற்றியது ஒன்று: "கோதை தமிழ் ஐயைந்தும் ஐந்தும் அறியாத மானிடரை வையம் சுமப்பதும் வம்பு". கோதையின் தமிழ் என்கிறார். நாச்சியார் திருமொழியிலேயே அவள் தன் பாட்டைக் 'கோதை வாய்த் தமிழ்' என்றுதான் சொல்கிறாள். ஒரு பெண்ணின் பெயர் ஒரு மொழிக்கே அடைமொழியாக நிற்கிறது. இது வேறு எந்தப் பெயருக்குக் கிடைத்திருக்கிறது என்று யோசித்துப் பார்க்கிறேன். எனக்கு ஔவையைத் தவிர யாரும் தோன்றவில்லை.

வடமொழியில் இவளே கோதா. வைணவ ஆசாரியர் வேதாந்த தேசிகர் 29 சுலோகங்களில் கோதாஸ்துதி பாடினார். அதில் ஓரிடத்தில் துங்கபத்திரை, சரஸ்வதி, நர்மதை என்று நதிகளின் பெயர்களையெல்லாம் அவள்மேல் ஏற்றிச் சிலேடை செய்கிறார். தெலுங்கு நாட்டில் கோதாதேவி. 16ஆம் நூற்றாண்டில் கிருஷ்ணதேவராயர் இவள் கதையை 'ஆமுக்தமால்யதா' என்று காவியமாக்கினார். சூடிக் கொடுத்தவள் என்பதே அந்தத் தலைப்பு. மூன்று மொழிகள் போற்றிய பெயர் இது. கோதா என்று வைத்தால் கௌரவம், கோதை என்று வைத்தால் பட்டிக்காடு என்று ஒருவர் சொல்லக் கேட்டிருக்கிறேன். அவள் கையெழுத்து கோதைதான் என்பதை அவருக்கு நினைவூட்ட விரும்புகிறேன்.

மலையாளத்தில் இந்தப் பெயருக்கு நேர்ந்தது வேறு. அங்கே அது 'கோத' ஆயிற்று. உழைக்கும் எளிய பெண்களின் பெயராக வழங்கிற்று. 'வாயில் தோன்றியதெல்லாம் கோதைக்குப் பாட்டு' என்ற பொருளில் அங்கே ஒரு பழமொழி உண்டு. ஒழுங்கில்லாமல் ஏதோ உளறுகிறவர்களைப் பார்த்துச் சொல்வார்கள். ஒரு காலத்தில் அதே மண்ணில் மன்னர்கள் சூடியிருந்த பெயர், வயலில் நின்ற பெண்ணிடம் வந்ததும் ஏளனத்துக்கு ஆளாகிவிட்டது. அந்தப் பழமொழியை முதலில் கேட்டபோது மனம் சுருங்கியது. நாற்று நடும்போது வாயில் தோன்றியதைப் பாடிய பெண்ணின் பாட்டு ஏன் பாட்டாகாது? ஏளனம் செய்தவர்களையும் மீறி, அவள் பாடினாள் என்ற செய்தியை அந்தப் பழமொழி காப்பாற்றி வைத்திருக்கிறது.

இனி மாலைக்கு வருகிறேன். கோதை என்றால் பூமாலை, உண்மைதான். கோத்தல் என்ற வினையோடு உறவுடைய சொல். பெண்ணின் கூந்தலுக்கும் அந்தப் பெயர் உண்டு, பெண்ணுக்கும் உண்டு. ஆனால் ஆண்டாளுக்கு வந்தபிறகு அது வெறும் மாலையா? இறைவனுக்கென்று கட்டிய மாலையைத் தன் கழுத்தில் போட்டு அழகு பார்த்தவள் அவள். இன்றும் ஸ்ரீவில்லிபுத்தூரில் அவள் சூடிக் களைந்த மாலை, புரட்டாசி பிரம்மோற்சவத்துக்குத் திருப்பதிக்குப் போகிறது. சித்திரைத் திருவிழாவில் கள்ளழகர் அந்த மாலையைச் சூடிக்கொண்டுதான் வைகையில் இறங்குகிறார். பொழுது விடியும் முன்பே ஆற்று மணலில் கூடி நிற்கும் அத்தனை கூட்டமும் பார்க்கிறது. ஒரு பெண் தொட்டால் தீட்டு என்று சொல்லும் ஊர்களில், ஒரு பெண் சூடிய மாலைக்காகக் கடவுள் காத்திருக்கிறார். 'மாலைதானே' என்று கேட்கும் என் தம்பி மகனே, ஆமாம், இந்த மாலைதான்.

நவீன காலத்திலும் ஒரு கோதை உண்டு. வை.மு.கோதைநாயகி, 1901இல் பிறந்தவர். சிறு குழந்தையாக இருந்தபோதே திருமணம். பள்ளிக்கூடம் போனதில்லை. முதல் நாடகத்தை அவர் சொல்லச் சொல்ல ஒரு தோழி எழுதிக்கொடுத்தார். அப்படிப்பட்டவர் 1925இல் 'ஜகன்மோகினி' இதழைக் கையில் எடுத்துப் பல ஆண்டுகள் நடத்தினார். 115 நாவல்கள் எழுதினார், மேடையேறிப் பேசினார், விடுதலைப் போராட்டத்தில் சிறைக்கும் போனார். வை.மு.கோ. என்று சுருக்கிச் சொல்வார்கள். வை.மு. புகுந்த வீட்டின் எழுத்துகள். கோ மட்டும் அவருடையது. தமிழ் வாசிப்பு உலகம் அந்த 'கோ'வைத் தேடித்தான் நாவல் வாங்கியது.

என் அப்பாவைப் பெற்றவர் பெயரும் கோதையம்மாள்தான். வீட்டில் யாரும் அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுக் கேட்டதில்லை. தாத்தாவுக்கு அவர் 'இந்தா', மருமகள்களுக்கு 'அத்தை', ஊருக்குப் 'பெரியம்மா'. பெயர் வாழ்ந்தது நிலப் பத்திரத்திலும் ரேஷன் கார்டிலும்தான். பாட்டிக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஆனால் கைநாட்டு வைக்கமாட்டார். கோ, தை என்ற இரண்டு எழுத்தை மட்டும் யாரிடமோ கற்றுக்கொண்டு, பேனாவை இறுகப் பிடித்து, காகிதம் கிழியும்படி அழுத்தி எழுதுவார். வங்கியில் வரிசை காத்திருந்தாலும் அவசரப்படமாட்டார்.

இரண்டு எழுத்து என்றேன் அல்லவா? இன்று பெற்றோர் கேட்பதும் அதுதானே. சுருக்கமாக வேண்டும், வகுப்பில் வேறு யாருக்கும் இருக்கக்கூடாது, சொன்னால் இனிமையாக இருக்கவேண்டும். இந்த மூன்றும் கோதைக்கு இருக்கின்றன. பெயர் தரும் செயலிகளைத் திறந்தால் ஒரே அச்சில் வார்த்த பெயர்கள் வரிசையாக வருகின்றன. பலவற்றுக்கு அங்கே கொடுத்திருக்கும் பொருள் எந்த அகராதியிலும் இல்லை. எண்கணிதக்காரர் சொன்னார் என்று ஓர் எழுத்தைக் கூட்டி, ஒன்றைக் குறைத்து, பிள்ளை வாழ்நாள் முழுக்கத் தன் பெயரை விளக்கிக்கொண்டே இருக்கும்படி செய்துவிடுகிறார்கள். கோதைக்கு இந்தத் தொல்லை எதுவும் இல்லை.

பாஸ்போர்ட்டில் ஆங்கிலத்தில் எப்படி எழுதுவது, வெளிநாட்டில் வாயில் நுழையுமா என்று சிலர் கேட்பார்கள். இதைவிட நீளமான, கடினமான பெயர்களோடு நம் பிள்ளைகள் உலகம் முழுக்க வேலை பார்க்கிறார்கள். ஓர் எழுத்துக்கூட்டலை முடிவு செய்து பிறப்புச் சான்றிதழிலிருந்தே மாறாமல் பாருங்கள், போதும். வைணவக் குடும்பம் இல்லையே என்று தயங்குகிறவர்களுக்கு: கோயிலுக்கு வரும் முன்பே தொண்டிக் கடற்கரையில் மணந்த பெயர் இது. யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம்.

உங்கள் குடும்பத்தில் கோதை, கோதையம்மாள், கோதைநாயகி, கோதைநாச்சியார் என்று யாராவது இருக்கிறார்களா, இருந்தார்களா? எந்த ஊர், எந்தத் தலைமுறை, பெயர் சொல்லிக் கூப்பிட்டார்களா என்று எழுதுங்கள். பத்து வயதுக்குக் கீழே ஒரு கோதை எங்காவது இருந்தால் கட்டாயம் சொல்லுங்கள். என் தம்பி மகனுக்கு அனுப்பவேண்டும். பெயர் சூட்டு விழாவுக்கு இன்னும் நாள் இருக்கிறது.