கால் நீட்ட இடமில்லாத துரியோதனன்

எங்கள் ஊர் திரௌபதி அம்மன் கோயில் அக்னி வசந்த விழா சென்ற மாதம் முடிந்தது. பாரதப் போரில் துரியோதனன் வீழ்வதைக் கூத்தாக நடத்தும் படுகளத்தன்று விடியற்காலை ஐந்து மணிக்கே திடலுக்குப் போய்விட்டேன். மண்ணைக் குழைத்துத் துரியோதனன் உருவத்தை அமைக்கும் பெரியவர் தலை, மார்பு எல்லாம் முடித்து இடுப்புக்கு வந்திருந்தார். நான் சிறுமியாக இருந்தபோது அந்த உருவம் 40 அடிக்குக் குறையாது. பாதத்துக்குப் பாதம் வைத்து அளந்துதான் அவருடைய அப்பா மண் போடுவார். இந்த ஆண்டு, பீமன் அடிக்கும் தொடையில் ரத்தத்துக்காகக் குங்குமத் தண்ணீர்ப் பானையைப் புதைத்து முடித்ததும் பெரியவர் நிமிர்ந்து நின்றார். அதற்குமேல் இடமில்லை. நான்கடி தள்ளி ஒரு புது வீட்டின் காம்பவுண்டுச் சுவர். சற்று நேரம் அந்தச் சுவரையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, முழங்கால் இரண்டையும் பக்கவாட்டில் மடக்கி மண்ணை அணைக்க ஆரம்பித்தார்.

"காலை மடக்கிவிட்டேன் அம்மா. வேறு என்ன செய்வது?" என்றார் என்னிடம்.

அன்று மாலை தீமிதிக்கு வந்திருந்த என் சித்தப்பா, சென்னையில் முப்பது ஆண்டுகளாக இருப்பவர், காரை விட்டு இறங்கியதும் சொன்ன முதல் வார்த்தை: "உங்கள் ஊர் பணக்கார ஊர் ஆகிவிட்டதே!" தெருவுக்குத் தெரு நிற்கும் மாடி வீடுகளைப் பார்த்துச் சொன்னார். அவர் மகிழ்ச்சியாகத்தான் சொன்னார். எனக்குக் காலை மடக்கிக் கிடந்த துரியோதனன்தான் கண்ணுக்குள் நின்றான். அன்றிலிருந்து மனத்தில் புரண்டுகொண்டிருப்பதை இங்கே எழுதிவிடுகிறேன். நீளமாகத்தான் இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

பாலாற்றின் வடகரையில், காட்பாடியிலிருந்து பஸ்ஸில் கால் மணி நேரத்தில் வந்துவிடும் ஊர் எங்களுடையது. பெயரை எழுதவில்லை. வேலூரைச் சுற்றியுள்ள பல ஊர்க்காரர்கள் இதைப் படித்துத் தங்கள் ஊர் என்றே நினைப்பார்கள், நினைக்கட்டும். என் தாத்தா காலத்தில் இந்த ஊருக்கு இரண்டே வருமானம். ஒன்று ஏரிப் பாசனக் கழனி, மற்றொன்று பட்டாளத்திலிருந்து மாதாமாதம் வரும் மணியார்டர். வடார்க்காடு மண்ணில் பட்டாளத்துக்கு ஆள் அனுப்பாத ஊர் குறைவு. கணியம்பாடிப் பக்கம் கம்மவான்பேட்டைக்கு 'ராணுவப்பேட்டை' என்றே பெயர் வந்துவிட்டது. நெல்லும் வேர்க்கடலையும் கேழ்வரகும் விளைந்த ஊர். ஆற்று மணலைத் தோண்டி, கசம் என்னும் ஊற்றுப் பள்ளத்திலிருந்து கால்வாய் வெட்டித் தண்ணீர் கொண்டுவந்த ஊர்.

பிறகு நகரம் எங்களைத் தேடி வந்தது. 1900இல் ஐடா ஸ்கடர் அம்மையார் ஒரே ஒரு படுக்கையோடு தொடங்கிய வேலூர் சி.எம்.சி. மருத்துவமனை வளர வளர, வங்காளத்திலிருந்தும் வடகிழக்கிலிருந்தும் நோயாளிகள் வந்து இறங்கினார்கள். அவர்களைப் பார்த்துக்கொள்ள எங்கள் ஊர்ப் பெண்கள் செவிலியராகவும் வார்டு ஊழியராகவும் போனார்கள். 1984இல் காட்பாடியில் 180 மாணவர்களோடு ஒரு பொறியியல் கல்லூரி ஆரம்பமாகி, 2001இல் நிகர்நிலைப் பல்கலைக்கழகம் ஆனது. அதற்குப் பிறகு பேராசிரியர்களுக்கு வீடு, மாணவர்களுக்கு அறை, அவர்களுக்குச் சாப்பாடு என்று எல்லாமே தேவைப்பட்டது. 2007இல் திருமலைக்கோடியில் பொற்கோயில் திறந்தார்கள். சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலை நான்கு வழி ஆனது. காட்பாடி சந்திப்பில் ரயில் ஏறினால் இரு பக்கமும் தலைநகரங்கள். இவ்வளவும் சேர்ந்தால் கழனி மனையாகாமல் என்ன செய்யும்?

நாங்களும் விற்றோம். 2006இல், ஏரி மதகுக்குக் கீழே 1 ஏக்கர் 20 சென்ட். பத்திரம் பதிந்துவிட்டு வந்த அன்று அப்பா சாப்பிடவில்லை, திண்ணையில் விளக்கு வைக்கும்வரை உட்கார்ந்திருந்தார். ஆனால் அந்தப் பணத்தில்தான் என் தம்பி படித்தான், என் கல்யாணம் நடந்தது. அன்று ஓர் ஏக்கருக்கு வாங்கிய தொகை இன்று இரண்டு சென்ட் மனைக்குப் போதாது. எனவே நிலத்தை விற்றவர்களையும் நான் குறை சொல்லமாட்டேன், வாங்கி வீடு கட்டியவர்களையும் குறை சொல்லமாட்டேன். வேர்க்கடலைக் கொல்லையில் முதுகு ஒடிந்தவர்களின் பிள்ளைகள் குளிர்சாதன அறையில் உறங்குவது நல்ல காரியம்.

என் மனக்குறை வேறு. இன்று எங்கள் ஊரில் வீட்டுக்குள் இல்லாதது ஒன்றுமில்லை, வீட்டுக்கு வெளியே இருப்பதும் ஒன்றுமில்லை. எங்கள் தெருவிலேயே மூன்று மாடி வீடு ஒன்று இருக்கிறது. தேக்குக் கதவு, லிஃப்ட், கூரையில் சூரிய மின்தகடு, வாசலில் இரண்டு கார். அந்த வாசலைத் தாண்டிக் காலை வைத்தால் கருப்புத் தண்ணீர் தேங்கிய பள்ளம். அதைத் தாண்டுவதற்கு அந்த வீட்டார் கிரானைட் பலகை ஒன்று போட்டிருக்கிறார்கள், பக்கத்து வீட்டார் சிமெண்டுப் பலகை போட்டிருக்கிறார்கள். ஒவ்வொரு பலகைக்கும் அடியில் குப்பை அடைத்துக்கொண்டு நிற்கிறது. இருபது வீட்டார் தனித்தனியாகப் பலகைக்குச் செலவழித்த பணத்தைச் சேர்த்திருந்தால் தெரு முழுவதற்கும் வடிகால் கட்டியிருக்கலாம். யாரும் யாரையும் கேட்கவில்லை.

தண்ணீரும் அப்படித்தான். எங்கள் வீட்டுக் கிணறு 35 அடி. பத்துப் படி இறங்கிக் குடத்தில் மொண்டிருக்கிறேன். இன்று அதே தெருவில் 600 அடிக்கு ஆழ்துளைக் கிணறு, அதாவது போர், போடுகிறார்கள். ஒருவர் 600 என்றால் அடுத்தவர் 700. மே மாத வெயிலில் இரண்டும் காற்றைத்தான் இறைக்கின்றன, டேங்கர் லாரி வந்து நிற்கிறது. குடிக்க 20 லிட்டர் கேன். ஊர்ப் பொதுக் கிணற்றைச் சிமெண்டுப் பலகை போட்டு மூடிவிட்டார்கள். நிலத்தடியில் இருப்பது ஒரே தண்ணீர். அதற்கு உங்கள் காம்பவுண்டுச் சுவரும் தெரியாது, என் காம்பவுண்டுச் சுவரும் தெரியாது. அதை நிரப்புவது ஏரி. ஏரியை நிரப்புவது வரத்துக் கால்வாய்.

அந்தக் கால்வாயைப் பற்றி எழுத வரும்போதுதான் எனக்குக் கை நடுங்குகிறது. மலையடிவாரத்திலிருந்து வரும் கால்வாய் என் சிறுவயதில் ஓர் ஆள் உயரம் ஆழம் இருக்கும், இரு கரையிலும் பனைமரம். இன்று அது மூன்று மனைப்பிரிவுகளைக் கடந்து வரவேண்டும். ஓரிடத்தில் அகலம் ஐந்தடி, ஓரிடத்தில் குழாய், ஓரிடத்தில் கண்ணுக்கே தெரியவில்லை. மிச்சம் இருக்கும் பள்ளத்தில் இரவு பதினொரு மணிக்குமேல் கழிவுநீர் லாரி வந்து குழாயைத் திறந்துவிட்டுப் போகிறது. சுத்திகரிப்பு நிலையத்தில் கொட்ட வேண்டிய கழிவு அது. இந்த ஊரில் பாதாளச் சாக்கடை இல்லை, எல்லா வீட்டிலும் செப்டிக் டேங்க்தான். லட்சங்களில் குளியலறை கட்டியவர்கள், அங்கிருந்து போவது எங்கே போய்ச் சேர்கிறது என்று ஒரு நாளாவது கேட்டிருக்க வேண்டாமா? நம் கழிவு நம் ஏரிக்குப் போய், நம் போரில் திரும்பி வருகிறது.

2021 நவம்பரை யாரும் மறந்திருக்க முடியாது. பாலாற்றில் பல பத்தாண்டுகளாகக் காணாத வெள்ளம். எங்கள் ஏரி நிரம்பிக் கோடி போனது, அதாவது உபரி நீர் வழிந்தோடியது. ஊரே திரண்டு போய்த் தேங்காய் உடைத்தோம், கற்பூரம் ஏற்றினோம். அன்றிரவே தண்ணீர் புதிய மனைப்பிரிவுக்குள் புகுந்தது. இடுப்பளவு. அது எந்த வழியாக வந்தது தெரியுமா? அடுத்த நாள் நானும் என் மாணவிகள் இருவரும் சேற்றுத் தடத்தைப் பார்த்துக்கொண்டே நடந்தோம். பழைய கால்வாய் எங்கே வளைந்ததோ அங்கே தண்ணீரும் வளைந்திருந்தது. காணாமல்போன பனைமரங்களின் வரிசை எப்படிப் போயிற்றோ அப்படியே போயிருந்தது. நம் கண்ணுக்குத் தெரியாமல்போன கால்வாய் தண்ணீருக்கு மறக்கவில்லை.

அப்போதாவது விழித்துக்கொண்டோமா என்றால், இல்லை. தரைத்தளத்தை மூன்றடி உயர்த்திக் கட்டினார்கள். தெரு அதைவிடப் பள்ளமாகிவிட்டது. பழைய ஊரின் ஓட்டு வீடுகள் அதற்கும் கீழே போய்விட்டன.

இனி கிராம சபைக்கு வருகிறேன். எங்கள் ஊர் இன்னும் மாநகராட்சியில் சேரவில்லை, ஊராட்சிதான். 2011இல் சத்துவாச்சாரியும் தாராபடவேடும் வேலூர் மாநகராட்சிக்குள் போயின. வாரியார் சுவாமிகள் பிறந்த காங்கேயநல்லூரும் போயிற்று. நாங்கள் வெளியே நின்றுவிட்டோம். ஆண்டுக்கு ஆறு நாள் கிராம சபை கூடுகிறது. எங்களைப் போல் 3000க்கு மேல் 10,000 வரை மக்கள் உள்ள ஊரில் 200 பேர் வரவேண்டும். மே 1 அன்று பள்ளிக்கூட வேப்பமரத்தடியில் நடந்த கூட்டத்தில் நான் தலைகளை எண்ணினேன். வந்தவர்களில் முக்கால்வாசிப் பேர் நூறு நாள் வேலைக்குப் போகும் பெண்கள். கையில் மண்வெட்டி பிடித்த காய்ப்பு, இடுப்பில் குழந்தை. புதிய மனைப்பிரிவிலிருந்து வந்தவர்கள் நான்கே பேர். ஊரில் ஒரு சென்ட் நிலம்கூட இல்லாதவர்கள் வெயிலில் உட்கார்ந்து ஏரியைப் பற்றிப் பேசினார்கள். ஏரி நீரை 600 அடியிலிருந்து உறிஞ்சுகிறவர்கள் வரவில்லை. "அதெல்லாம் ஊர்க்காரர்கள் விஷயம்" என்று ஒருவர் என்னிடமே சொன்னார். பத்து ஆண்டுகளாக இங்கே உறங்கி எழுகிறார், அவர் எந்த ஊர்க்காரர்?

வந்த நான்கு பேரில் ஒருவரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். ஓய்வுபெற்ற ராணுவ வீரர், வேறு தாலுகாவிலிருந்து வந்து இங்கே மனை வாங்கியவர். ஏரிக்கரையில் தினமும் நடப்பார். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் மனுப் போட்டுத் தன் மனைப்பிரிவின் வரைபடத்தை வாங்கி வைத்திருக்கிறார். பெரிய மனைப்பிரிவு என்றால் சாலைகள் போக மீதி நிலத்தில் 10 விழுக்காட்டைப் பொது ஒதுக்கீட்டு இடமாக விட்டு, உள்ளாட்சிக்குத் தானப் பத்திரம் எழுதிக் கொடுக்க வேண்டும். அது நம் எல்லோருக்கும் சொந்தமான நிலம். அவர் வரைபடத்தில் அப்படி 28 சென்ட், பச்சைக் கோடு போட்டு 'பூங்கா' என்று எழுதியிருக்கிறது. அந்த இடத்துக்குப் போய்ப் பார்த்தோம். முன்பாதியில் டெம்போக்கள் நிற்கின்றன, யாரோ வாடகை வாங்குகிறார்கள். பின்பாதி எது என்று தேடிக்கொண்டே போனால், எங்கள் படுகளத் திடலின் தென் எல்லையில் வந்து நின்றோம். வரைபடத்தில் திடலும் பூங்காவும் அடுத்தடுத்து. நடுவே ஒரு வீடும் இல்லை, சுவரும் இல்லை.

துரியோதனன் காலை மடக்கவைத்த அந்தச் சுவர் பட்டா நிலத்தில் நிற்கிறதா, பொது நிலத்தில் நிற்கிறதா என்பதை நான் சொல்ல முடியாது. சர்வேயர் வந்து சங்கிலி பிடித்தால்தான் தெரியும். அந்த வீட்டு அம்மாவிடம் பேசினேன். படுகளத்தன்று மாடியில் நின்று பார்த்தவர், கூத்துக்காரர்களுக்கு இரண்டு பெரிய பாத்திரத்தில் மோர் கொடுத்தனுப்பியவர். "இது என்ன திடல் என்று வாங்கும்போது யாருமே சொல்லவில்லை, டீச்சர்" என்றார். நம்புகிறேன். சொல்ல வேண்டியவர்கள் நாங்கள். கோயிலுக்கு நன்கொடை கேட்டு அவர் வீட்டுக் கதவைத் தட்டினோம். இது படுகளம், இந்த மண்ணை எடுத்துவந்து நெல் குதிரில் போட்டால் விளைச்சல் பெருகும் என்று எங்கள் பாட்டிகள் நம்பினார்கள், பத்து நாளும் இரவு முழுக்க இங்கேதான் பாரதக் கூத்து நடக்கும் என்று ஒரு வார்த்தை சொன்னோமா? மாடு விடும் விழாவுக்கு வீதியை மறித்தால் புதியவர்கள் எரிச்சல்படுகிறார்கள் என்று குறைப்படுகிறோம். என்ன விழா என்று யார் அவர்களுக்குச் சொன்னார்கள்?

மாநகராட்சியில் சேர்த்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்று ஒரு பக்கம் பேச்சு. வரி ஏறிவிடும் என்று மறுபக்கம் பயம். என் எண்ணம் இதுதான்: சேர்வதோ இருப்பதோ பிறகு. அதற்கு முன்னால் கால்வாய்க்கும் ஏரிக்கும் பொது ஒதுக்கீட்டு இடத்துக்கும் எல்லைக் கல் நட்டாக வேண்டும். 2007இலேயே ஏரிகளைப் பாதுகாக்கவும் ஆக்கிரமிப்பை அகற்றவும் தமிழ்நாட்டில் தனிச் சட்டம் வந்துவிட்டது. நிலம் யாருடையது, என்ன வகை என்று காட்டும் அ-பதிவேட்டையும், எல்லையைக் காட்டும் புலப்படத்தையும் வீட்டில் உட்கார்ந்தே இணையத்தில் பார்க்கலாம். சர்வே எண் தெரிந்தால் போதும். ஊராட்சியாக இருக்கும்போதே, இருநூறு பேர் கை தூக்கித் தீர்மானம் போடக்கூடிய இப்போதே, இதைச் செய்யவில்லை என்றால் பிறகு மனுவைத் தூக்கிக்கொண்டு மண்டல அலுவலகப் படிகளில் ஏறி இறங்க வேண்டியதுதான்.

ஆகஸ்ட் 15 அன்று அடுத்த கிராம சபை. மூன்று தீர்மானங்களை எழுதி வைத்திருக்கிறோம். வரத்துக் கால்வாயை மலையடிவாரத்திலிருந்து ஏரி வரை அளந்து கல் நட வேண்டும். கழிவுநீர் லாரி எங்கே கொட்டுகிறது என்பதற்கு ஊராட்சி ரசீது கேட்க வேண்டும். 28 சென்ட் பூங்கா நிலத்தையும் படுகளத் திடலையும் சர்வே செய்து எல்லையைக் காட்ட வேண்டும். அந்த மோர் கொடுத்த அம்மாவும் வருவதாகச் சொல்லியிருக்கிறார்.

பழைய ஊர்க்காரர்களும் புது மனைப்பிரிவுக்காரர்களும் ஆதார் அட்டையோடு காலை பதினொரு மணிக்குப் பள்ளிக்கூட வேப்பமரத்தடிக்கு வாருங்கள். நாற்காலி போதாது என்றால் பள்ளியிலிருந்து பெஞ்சு எடுத்துப் போடுகிறேன். வரைபடத்தின் ஐம்பது நகல் என்னிடம் இருக்கிறது.