தாழ்வாரத்துக்கு ஹயாத் என்று பெயர்

"நவீனமும் மரபும் கலந்த கட்டடம்" என்று யாராவது சொன்னாலே எனக்குக் கிலி பிடித்துவிடும். பெரும்பாலும் ஒரு கான்கிரீட் பெட்டியின் நெற்றியில் வளைவு ஒன்றை ஒட்டிவிட்டு அப்படிப் பெயர் சூட்டியிருப்பார்கள். துருக்கியின் கட்டடக் கலைஞர் ஜெங்கிஸ் பெக்தாஷைப் பற்றியும் இதே வாக்கியத்தைத்தான் எழுதுகிறார்கள். அவர் எதையும் கலக்கவில்லை என்பது என் கட்சி.

1934இல் தெனிஸ்லியில் பிறந்தவர், மியூனிக்கில் கட்டடக்கலை படித்தவர், கவிஞர். 1960களில் அங்காராவை ஒட்டிய எத்திமெஸ்குத்தில், ராணுவத்தினருக்காக ஒரு மசூதி கட்டினார். அதில் குவிமாடம் இல்லை. தட்டைக் கூரை, துண்டு துண்டாக நிமிர்ந்து நிற்கும் சுவர்கள், அவற்றின் இடுக்குகள் வழியே உள்ளே இறங்கும் வெளிச்சம். மரபு என்றால் குவிமாடம் என்று நம்புகிறவர்கள் முகம் சுளிக்கத்தான் செய்வார்கள்.

அவர் மரபைத் தேடிப் போன இடம் வேறு: சாதாரண மக்களின் வீடுகள். ஊர் ஊராகப் போய் அவற்றை ஆராய்ந்து நூல்களாக எழுதினார். அனதோலியா, அதாவது துருக்கியின் ஆசியப் பகுதி; அங்குள்ள வீட்டின் தர்க்கம் அழகானது. கீழ்த்தளத்தின் கற்சுவர் சந்து வளைகிறபடி வளையும். மேல்தளம் மரச்சட்டத்தில் வெளியே நீண்டு, தன் அறைகளை நேராக்கிக்கொள்ளும். தெருவோடும் சண்டையில்லை, அறையும் கோணலில்லை. அறைகள் எல்லாம் வந்து சேரும் பொதுக்கூடத்துக்கு 'சோஃபா' என்று பெயர். முற்றத்தைப் பார்த்துத் திறந்திருக்கும் தாழ்வாரத்துக்கு 'ஹயாத்'. துருக்கியில் 'வாழ்க்கை' என்பதற்கும் ஹயாத்தான். இரண்டுக்கும் ஒரே வேரா என்பது அகராதிக்காரர்களின் கவலை. வீட்டில் காற்று வரும் இடத்தை வாழ்க்கை என்று அழைக்கும் வாய்ப்பு ஒரு கவிஞனுக்குக் கிடைத்தால் விடுவானா?

1970களில் அங்காராவில் துருக்கி மொழிக் கழகத்தின் கட்டடத்தை அவர்தான் வடிவமைத்தார். வெளியே கறாரான நவீனம். உள்ளே, தளங்கள் எல்லாம் ஒரு நடுக்கூடத்தைச் சுற்றி அமைகின்றன. சோஃபாதான், வேறு உடையில். இதில் எனக்குப் பிடித்த வேடிக்கை ஒன்று உண்டு. அரபு, பாரசீகச் சொற்களைக் களையெடுக்க முனைந்த கழகம் அது. 'ஹயாத்'துக்குப் பதிலாக 'யஷாம்' என்ற சொல் புழக்கத்துக்கு வந்ததும் அந்தச் சீர்திருத்தக் காலத்தில்தான். சோஃபாவும் அரபுவழிச் சொல்லே. வாசலில் தடுக்கப்பட்ட சொல், கட்டடத்தின் நடுவே போய் உட்கார்ந்துகொண்டது!

அந்தால்யாவில் பல்கலைக்கழக வளாகத்துக்குள் அவர் கட்டிய ஓல்பியா சமூக மையம் 2001இல் கட்டடக்கலைக்கான ஆகா கான் விருது பெற்றது. கல், மரம், நீரோடை, நிழல் பந்தலிட்ட நடைபாதை. மாணவர்கள் கடந்துபோகும் வழியையே உட்காரும் இடமாக்கிவிட்டார். எந்தப் பழைய கட்டடத்தின் நகலும் இல்லை, ஆனாலும் ஹயாத் புரிந்தவரின் கை தெரிகிறது.

ரசிகன் என்பதற்காக மெர்சின் நகரத்துக் கட்டடத்தை மறைக்க மாட்டேன். 1980களில் அங்கே எழுந்த 52 மாடிக் கோபுரமும் அவருடையதே. 2000 வரை நாட்டிலேயே உயரமான கட்டடம். ஹயாத்தைப் பற்றி எழுதிய கையா இது என்று தோன்றும். எனக்கு அந்தக் கோபுரத்தின் மீது மரியாதை வரவில்லை.

குஸ்குன்ஜுக் விஷயம் இன்னும் சிக்கலானது. இஸ்தான்புல்லின் ஆசியக் கரையில், யூதர், கிரேக்கர், ஆர்மீனியர் வாழ்ந்து பெரும்பாலும் வெளியேறிவிட்ட பகுதி. 1970களின் இறுதியில் அங்கே ஒரு பழைய வீட்டைச் சீரமைத்துக் குடியேறினார். அண்டை வீட்டாரையும் குழந்தைகளையும் சேர்த்துக்கொண்டு தெருவையே செப்பனிட்டார். பின்னாலேயே கலைஞர்கள் வந்தார்கள், தொலைக்காட்சித் தொடர்க்காரர்கள் வந்தார்கள், விலையும் வாடகையும் ஏறின. அந்தத் தெருவைக் காப்பாற்றியவர் 2020 மார்ச்சில் காலமானார். அதில் குடியிருக்க யாருக்கு வசதி இருக்கிறது என்ற கேள்வி இன்னும் அங்கேயே நிற்கிறது.