காதலிக்க நேரமில்லை இந்திப் படத்தின் நகலன்று

‘பியார் கியே ஜா’ என்ற இந்திப் படத்தைப் பார்த்து எடுத்ததே ‘காதலிக்க நேரமில்லை’ என்று மேலே ஓர் அன்பர் எழுதியிருப்பது உண்மைக்கு நேர்மாறானது. ஸ்ரீதர் இயக்கிய தமிழ்ப் படம் 1964 பிப்ரவரியில் திரைக்கு வந்தது. அதைத் தெலுங்கில் 1965இல் ‘பிரேமிஞ்சி சூடு’ என்று எடுத்தார்கள். 1966இல் வந்த இந்திப் படத்தையும் ஸ்ரீதரே இயக்கினார்.

கதையின் உயிர்நாடியான ஆள்மாறாட்டமும் ஸ்ரீதரும் எழுத்தாளர் சித்ராலயா கோபுவும் வளர்த்தெடுத்ததுதான். எஸ்டேட் முதலாளி விசுவநாதனின் மகளைக் காதலிக்கும், வேலை பறிபோன அசோக்கைப் பெரும் பணக்காரரின் மகன் என்று அவர் நம்ப வேண்டும் என்பதற்காக, அவன் நண்பன் வாசு முதியவர் வேடமிட்டுச் ‘சிதம்பரம்’ என்ற தந்தையாக அந்த வீட்டுக்குள் நுழைகிறான். நுழைந்த பிறகோ, தான் காதலிக்கும் பெண்ணும் அதே விசுவநாதனின் மகள் என்று தெரிந்து தவிக்கிறான். இளைஞனின் பதற்றத்தைக் கிழவனின் மிடுக்குக்குள் மறைத்து வாசுவாக முத்துராமன் நடிப்பதும், பணத்தின் வாசனை பட்டதும் விசுவநாதனாக வரும் பாலையாவின் குரல் குழைவதும் எத்தனை முறை பார்த்தாலும் சலிக்காதவை. நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சியை மட்டுமே எல்லோரும் கொண்டாடுவதில் எனக்குச் சற்று வருத்தமுண்டு.

அசோக்காக அறிமுகமான ரவிச்சந்திரன் நம் கோலாலம்பூரில் பிறந்தவர். ஆகவே, இங்குள்ள இளையவர்கள் இப்படத்தை நகல் என்று எண்ணி ஒதுக்கிவிடக் கூடாது என்பதற்காகவே இவ்வளவும் எழுதுகிறேன். அன்பர் தம் பதிவைத் திருத்திவிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.