பாடிப் பார்த்துவிட்டுச் சொல்லுங்கள்

ஞாயிற்றுக்கிழமை மேடையில் என்ன பேசப்பட்டது என்பது இங்கே பலருக்குத் தெரியும். அன்று அரங்கில் இருந்தவர்கள் இரண்டு நாளாக எனக்கு எழுதிக்கொண்டே இருக்கிறீர்கள். ஆங்கில இசையமைப்பாளர் ஜான் ரட்டரின் இசை வெறும் சர்க்கரைப் பாகு, சர்ச்சில் பாடுகிற நல்ல கொயர் அதைத் தாண்டி வளர வேண்டும் என்றார் சிறப்பு விருந்தினர். முன் வரிசையில் கைதட்டினார்கள். ஐந்து நிமிடத்துக்கு முன்புதான் நாங்கள் ரட்டரின் பாட்டைப் பாடி முடித்திருந்தோம். ஃபைலை மார்போடு அணைத்தபடி அதே மேடையில்தான் நின்றுகொண்டிருந்தோம். அது போதாதென்று, நேற்று வந்த டிசம்பர் மாதப் பாட்டுப் பட்டியலில் ரட்டர் பாட்டு இரண்டையும் காணோம்.

கோபத்தில் எழுதக் கூடாது என்று பொறுத்துப் பார்த்தேன். கோபம் போகவில்லை.

நான் கேட்பது ஒன்றுதான். அந்தப் பாட்டில் ஒரு வரியையாவது, நாலு குரலில் ஏதாவது ஒரு குரலில் நின்று பாடிப் பார்த்திருக்கிறீர்களா?

நான் இருபத்திரண்டு வருஷமாக ஆல்டோ, அதாவது பெண்களின் கீழ்க்குரல். ஆல்டோ பிழைப்பு எப்படி என்று கொயரில் இருந்தவர்களுக்குத் தெரியும். ராகத்தைப் பெண்களின் மேல்குரலான சோப்ரானோ கொண்டுபோய்விடுவார்கள், ஆண்களின் கீழ்க்குரலான பேஸ் தூண் மாதிரி நிற்பார்கள், நடுவில் நாங்கள் ஒரே சுரத்தில் நின்றுகொண்டிருப்போம். ரட்டர் நடுக்குரலுக்கும் பாட்டு எழுதுகிறவர். பாத்திரம் கழுவிக்கொண்டே என் வரியை மட்டும் தனியாகப் பாடினாலும் அது பாட்டாகவே இருக்கும். மூச்சு எங்கே தீரும் என்று அவருக்குத் தெரியும். சரியாக அங்கே வந்து வாக்கியம் முடியும். எதிரே நிற்கிற பாடகர்களின் முகத்தைப் பார்த்துக்கொண்டே வருஷக்கணக்காகக் கையசைத்துக் கொயர் நடத்தியவருக்குத்தான் இது வரும். கேட்க எளிதாக இருப்பதற்குப் பின்னால் இவ்வளவு வேலை இருக்கிறது. பாடினால் தெரியும்.

அவர் யார் என்றும் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன், ஏதோ வாழ்த்து அட்டைக்கு மெட்டுப் போடுகிறவர் மாதிரி பேசப்பட்டதால். 1945-ல் லண்டனில் பிறந்தவர். மேரில்போன் சாலையில் ஒரு மதுக்கடைக்கு மேலே இருந்த வீட்டில் வளர்ந்தவர். ஹைகேட் பள்ளியில் படித்தபோது, 1963-ல், இசையமைப்பாளர் பெஞ்சமின் பிரிட்டன் தானே நடத்திப் பதிவுசெய்த 'வார் ரெக்வியம்' (ரெக்வியம் என்றால் இறந்தவர்களுக்கான ஜெப இசை) முதல் ஒலிப்பதிவில் பாடிய பையன்களில் ஒருவர். நவீன இசை தெரியாதவர் என்கிறீர்களே, அதன் நடுவில் நின்று பாடியவர் அவர். கேம்பிரிட்ஜ் கிளேர் கல்லூரியில் மாணவராக இருந்தபோதே அவர் பாட்டுகள் அச்சில் வந்துவிட்டன. அப்புறம் 1975 முதல் 1979 வரை அதே கல்லூரியின் இசை இயக்குநர். அதை விட்டுவிட்டு 1981-ல் ஒலிப்பதிவுக்கென்றே கேம்பிரிட்ஜ் சிங்கர்ஸ் குழுவைத் தொடங்கினார். பாரிஸ் தேசிய நூலகத்தில் பிரெஞ்சு இசையமைப்பாளர் ஃபோரேயின் கையெழுத்துப் பிரதியைத் தேடிப் பார்த்து, அவருடைய ரெக்வியத்தின் பழைய, சிறிய வாத்தியக் குழுவுக்கான வடிவத்தை மீட்டுக்கொடுத்ததும் இவர்தான். 2011 அரச திருமணத்துக்கு எழுதியது, 2024-ல் வந்த 'சர்' பட்டம் இதெல்லாம் எனக்குப் பெரிதில்லை. அந்த நூலக வேலை பெரிது. சர்க்கரைப் பாகு காய்ச்சுகிறவர் யாரும் அதைச் செய்யமாட்டார்.

'துக்கம் தெரியாத இசை' என்றும் சொன்னார்கள். எனக்கு அதுதான் ஆறவில்லை.

1985-ல் அவர் தன் அப்பாவின் நினைவாக ஒரு ரெக்வியம் எழுதினார். ஏழு பகுதிகள். தொடக்கத்தில் டிம்பனி என்கிற பெரிய முரசு ஒரே சீராக, தாழ்ந்து, விடாமல் அடித்துக்கொண்டே இருக்கும். அதன் மேல் குரல்கள் தயங்கித் தயங்கி வந்து சேரும். இரண்டாவது பகுதி 130-ஆம் சங்கீதம், 'ஆழங்களிலிருந்து உம்மை நோக்கிக் கூப்பிடுகிறேன்'. அங்கே குரலுக்கு முன்னால் செல்லோ, வில்லால் வாசிக்கிற பெரிய வயலின் மாதிரியான வாத்தியம், தனியாக அழும்.

என் அப்பா எங்கள் கொயரில் டெனர், ஆண்களின் மேல்குரல். அவர் ஒரு ஆகஸ்டில் போனார். அந்த நவம்பரில் கல்லறைத் திருநாளை ஒட்டி இந்த ரெக்வியத்தைப் பாடினோம். எங்களிடம் டிம்பனி கிடையாது, கீபோர்டில் கீழ்ச் சுரத்தைத் தட்டிக்கொண்டே இருந்தோம். செல்லோவுக்கு சினிமா ரெக்கார்டிங்கில் வாசிக்கிற ஒரு அண்ணனைக் கூட்டிவந்தோம். அவர் சர்ச்சுக்கு வருகிறவர் இல்லை. இந்த வரிக்கு என்ன அர்த்தம் என்று கேட்டார், சொன்னேன். கொஞ்ச நேரம் தாளையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "அப்போ இங்க வில்லை எடுக்கக் கூடாதும்மா" என்று பென்சிலால் ஒரு நீண்ட கோடு போட்டுக்கொண்டார். அந்தத் தாளில் துக்கம் இருப்பது அவருக்கு அரை நிமிடத்தில் தெரிந்துவிட்டது. நாற்பது வருஷம் இசை கேட்கிறேன் என்று மைக்கில் சொன்னவருக்குத் தெரியவில்லை.

ஆறாவது பகுதி 'கர்த்தர் என் மேய்ப்பராயிருக்கிறார்'. அதில் வருகிற ஓபோ என்ற குழல் வாத்தியத்தை வாசிக்க ஆள் கிடைக்காமல் புல்லாங்குழலில் வாசிக்க வைத்தோம். என்னால் இரண்டு பக்கம் பாட முடியவில்லை. பக்கத்தில் நின்ற அக்கா என் வரியையும் சேர்த்துப் பாடினார்.

2001-ல் ரட்டரின் மகன், அதே கிளேர் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த பிள்ளை, சாலை விபத்தில் இறந்தான். அதற்குப் பிறகு அவர் எழுதி முடித்த பெரிய படைப்பு பிள்ளைகள் பாடுகிற மாஸ், அதாவது திருப்பலி இசை. 2003-ல் நியூயார்க் கார்னகி ஹாலில் முதலில் பாடப்பட்டது. பிள்ளையைப் பறிகொடுத்தவர், பிள்ளைகளின் குரலை வைத்தே எழுதியிருக்கிறார். அதில் இனிமை இருக்கிறது என்பதையா குற்றமாகச் சொல்கிறீர்கள்?

எல்லாப் பாட்டும் ஒரே மாதிரி இருக்கிறது என்பார்கள். அவருடைய சில கேரல்கள், கிறிஸ்துமஸ் பாட்டுகள், ஒன்றுக்கொன்று அண்ணன் தம்பி மாதிரி இருக்கும்தான், மறுக்கவில்லை. ஆனால் 1974-ல் அமெரிக்காவின் ஒமாஹாவில் முதலில் பாடப்பட்ட 'குளோரியா'வைக் கேட்டுவிட்டு அப்படிச் சொல்லட்டும். பித்தளைக் குழல்களும் தாள வாத்தியங்களும் ஆர்கனும் சேர்ந்து இறங்கும், தாள எண்ணிக்கை மாறிக்கொண்டே இருக்கும். ஒரு மாத்திரை கவனம் தப்பினால் மொத்தக் குழுவும் சரிந்துவிடும். எங்களுக்குச் சரிந்திருக்கிறது.

'நம் கீர்த்தனைகள் இருக்க, வெள்ளைக்காரன் பாட்டு எதற்கு' என்று கேட்பவர்களும் வருவார்கள். கீர்த்தனை பாடாமல் நான் ஒரு ஞாயிறும் வீடு திரும்பியதில்லை. அன்று கைதட்டியவர்களும் கீர்த்தனைக்காகத் தட்டவில்லை. அவர்கள் வேண்டும் என்று சொன்னது இன்னும் கடினமான வெள்ளைக்காரப் பாட்டு. அதனால் இந்தக் கேள்வியை என்னிடம் கொண்டுவராதீர்கள்.

உண்மையில் எனக்கு வலித்தது வேறு. எங்கள் குழுவில் வங்கி வேலை முடித்து மின்சார ரயிலில் நின்றபடியே வருகிறவர் இருக்கிறார். சர்க்கரை நோய்க்கு ஊசி போட்டுக்கொண்டு ஒத்திகைக்கு உட்காருகிற பெரியம்மா இருக்கிறார். சம்பளம் கிடையாது, ஒரு டீயும் இரண்டு பிஸ்கட்டும்தான். இப்படிப்பட்டவர்கள் ஆறு வாரத்தில் கற்றுக்கொண்டு, நாலு குரலும் சேர்கிற இடத்தில் உடம்பு சிலிர்த்து நிற்கும்படி எழுதத் தெரிந்தவர் ரட்டர். அதைச் சர்க்கரைப் பாகு என்றால், அந்தப் பெரியம்மாவின் முப்பது வருஷ வியாழக்கிழமை ஒத்திகைகளுக்கும் சேர்த்துத்தான் பெயர் வைக்கிறீர்கள். அன்று அவர் மேடையை விட்டு இறங்கும்போது என்னிடம், "நாம நல்லாத்தானே பாடினோம்?" என்று கேட்டார். நல்லாத்தான் பாடினோம், பெரியம்மா.

என் அப்பா பாடிய ரட்டர் ரெக்வியம் பிரதி என்னிடம்தான் இருக்கிறது. ஓரம் மடிந்த ஜெராக்ஸ் தாள். ஆறாவது பகுதியில் மூன்று இடத்தில் 'மூச்சு' என்றும், கடைசிப் பக்கத்தில் 'இங்கே மாஸ்டரைப் பார்' என்றும் பென்சிலில் எழுதி வைத்திருக்கிறார். வியாழக்கிழமை அதை எடுத்துக்கொண்டு வருகிறேன். பட்டியலில் இல்லாவிட்டாலும், ஒத்திகை தொடங்குவதற்கு முன் ஒரே ஒரு தடவை பாட கொயர் மாஸ்டரிடம் நேரம் கேட்கப்போகிறேன். டெனர் மூன்று பேரும் வருவதாகச் சொல்லிவிட்டார்கள். பேஸில் இன்னும் ஒருவர் வேண்டும்.