வாய்க்காலுக்கு இந்தப் பக்கம் டவுன்

எங்கள் ஊருக்கும் பக்கத்து ஊருக்கும் நடுவில் ஒரு வாய்க்கால். எட்டி வைத்தால் தாண்டிவிடலாம். இரண்டு பக்கமும் அதே வயல், அதே கொக்கு. ஆனால் அந்தப் பக்கம் கிராம ஊராட்சி, இந்தப் பக்கம் பேரூராட்சி. அந்தப் பக்கத்துப் பெண்கள் மண்வெட்டியும் தூக்குவாளியுமாக நூறு நாள் வேலைக்குக் கிளம்பும்போது இந்தப் பக்கம் என் அத்தை வரப்பில் நின்று பார்த்துக்கொண்டிருப்பார். அத்தைக்குச் சொந்த நிலம் கிடையாது. நடவு, களையெடுப்பு போக மீதி நாள் சும்மாதான்.

"நாம என்னடா டவுனா? டவுன்ல எவ வீட்டுல விடிஞ்சதும் சாணி கரைக்கிறா?" என்று ஒருமுறை கேட்டார்.

நூறு நாள் வேலைக்காக 2005ல் வந்த சட்டம் ஊரகத்துக்கு மட்டும் என்றது. பேரூராட்சி ஏட்டில் நகர்ப்புறம். ஆகவே அத்தை நகரவாசி.

இதில் பெரிய கூத்து 2004ல் நடந்தது. ஊரகத்துக்கு வரும் நிதி கிடைக்கட்டும் என்று 561 பேரூராட்சிகளைச் சிறப்புக் கிராம ஊராட்சிகளாக மாற்றினார்கள். 2006ல் மறுபடியும் பேரூராட்சி. நூறு நாள் வேலை நாட்டில் தொடங்கியதும் அதே 2006ல்தான்! திட்டம் வாசலுக்கு வந்த வருடத்தில் நாம் எழுந்து டவுனுக்குப் போய்விட்டோம். பின்னால் 2022ல் நகர்ப்புற வேலைவாய்ப்புத் திட்டம் சோதனை முயற்சியாக வந்தபோது, இருந்த 490 பேரூராட்சிகளில் 37க்குத்தான் இடம்.

பேரூராட்சியால் ஒன்றுமே இல்லை என்று சொல்ல மாட்டேன். செயல் அலுவலர் என்று முழுநேரத்துக்கு ஒருவர் இருக்கிறார். குப்பை வண்டி வருகிறது, தெருவிளக்கு எரிகிறது. பக்கத்து ஊரில் ஊராட்சி செயலர் ஒருவரே எல்லாவற்றுக்கும் ஓடுகிறார், பாவம். ஆனால் அவர்களுக்குக் கிராம சபை இருக்கிறது. ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 என்று மரத்தடியில் உட்கார்ந்து தலைவரிடம் நேருக்கு நேர் கணக்குக் கேட்கலாம். அந்தத் தலைவரும் அவர்களே ஓட்டுப் போட்டுக் கொண்டுவந்தவர். நாங்கள் 2011ல் தலைவருக்கு நேராக ஓட்டுப் போட்டோம். 2022ல் வார்டு கவுன்சிலர்கள் கூடித் தேர்ந்தெடுத்தார்கள். நகர்ப்புறத்துக்கும் பகுதி சபை என்று 2022 நவம்பர் 1ல் தொடங்கினார்கள், சரி. எங்கள் தெருவில் பத்துப் பேரிடம் கேட்டுப் பார்த்தேன். "அப்படின்னா?" என்றார்கள் ஒன்பது பேர். பத்தாவது ஆள் கவுன்சிலரின் மச்சான்.

அப்புறம் ஏரி. ஊரின் மேற்கே ஏரி, கிழக்கே அதன் பாசன வயல், நடுவில் வீடுகள். எங்கள் ஊரின் அமைப்பே அதுதான். கரையில் குப்பை கொட்டுகிறார்கள் என்று மனு கொண்டுபோனால், ஏரி வேறு துறை. ஊருக்குள் போகும் பெரிய ரோடு? அதுவும் வேறு துறை. புறம்போக்கு என்றால் தாலுகா ஆபீஸ். பேரூராட்சி வரைபடத்தில் எல்லாம் எங்கள் ஊர், வேலை என்று வந்தால் தெருவும் சாக்கடையும்தான் எங்கள் ஊர்.

உத்திரமேரூர்க் கல்வெட்டைச் சொல்லாமல் நம்மால் இருக்க முடியாதே. பராந்தகச் சோழன் காலத்தில் குடவோலை எடுத்து ஏரி வாரியம் அமைத்தார்கள். ஏரியைப் பார்த்துக்கொள்ளும் ஆட்களை ஊரே தன் குடும்புகளிலிருந்து, அதாவது வார்டுகளிலிருந்து, எடுத்தது. முன்பு வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவர் பெயர் குடத்துக்குள்ளேயே போகாது, அவர் நெருங்கிய சொந்தக்காரர் பெயரும் போகாது. அந்த உத்திரமேரூரும் இன்றைக்கு ஒரு பேரூராட்சிதான்.

2025 தொடக்கத்தில் கிராம ஊராட்சிகளை நகர்ப்புறத்தோடு இணைக்கும் அறிவிப்பு வந்தபோது, பல ஊர்களில் மக்கள் வேண்டாம் என்று மனுவோடு கலெக்டர் அலுவலகத்துக்குப் போனார்கள். வளர்ச்சி பிடிக்காதவர்கள் என்று அவர்களைச் சிலர் கேலி செய்து எழுதினார்கள். நூறு நாள் வேலை போகும், வரி ஏறும் என்றுதான் அவர்கள் சொன்னார்கள். இதில் கேலிக்கு என்ன இருக்கிறது?

போன மாதம் வாய்க்காலில் பாசி அடைத்துக்கொண்டது. அந்தப் பக்கத்துப் பெண்கள் பாதி அகலம் வரைக்கும் வாரிவிட்டு, எங்கள் பக்கம் அப்படியே விட்டுப் போனார்கள். மீதியை அத்தையும் இன்னும் இரண்டு பேரும் சேர்ந்து வாரினார்கள், கூலி இல்லாமல்.