சிவப்புப் பெயின்ட் போதாது

கலைஞர் தன் உடம்பையே கருவியாக வைத்து நிகழ்த்தும் பெர்ஃபாமன்ஸ் ஆர்ட் என்றாலே "உடம்பை வருத்திக்கிட்டு ஷாக் குடுக்கிற வேலை" என்று ஒதுக்குகிறவர்கள், குவாத்தமாலாக் கலைஞர் ரெஹினா ஹோசே கலிந்தோ 2003இல் நடந்த நடையை ஒரு தடவை வீடியோவில் பார்த்துவிட்டுப் பேசலாம்.

1982-83இல் அந்த நாட்டை ஆண்ட சர்வாதிகாரி ரியோஸ் மோன்ட், இருபது வருஷம் கழித்து அதிபர் தேர்தலில் நிற்க வந்தார். ஆட்சியைக் கவிழ்த்துப் பதவிக்கு வந்தவர் அதிபராக முடியாது என்று அரசியல் சாசனமே சொல்கிறது. அரசியல் சாசன நீதிமன்றமோ, தாராளமாக நிற்கலாம் என்றது. கலிந்தோ கறுப்பு உடையில், வெறுங்காலோடு, மனித ரத்தம் ஊற்றிய பேசினைத் தூக்கிக்கொண்டு அந்த நீதிமன்ற வாசலிலிருந்து தேசிய அரண்மனை வரை நடந்தார். பேசினைக் கீழே வைப்பார், பாதத்தை முக்குவார், தூக்கிக்கொண்டு நடப்பார். அவ்வளவுதான். கோஷம் இல்லை, அட்டை இல்லை.

முக்கி எடுத்ததும் முழுப் பாதத் தடமும் விழும். அடுத்தடுத்த அடிகளில் குதிகாலும் விரல்களும்தான் தெரியும், பிறகு வெறும் ஈரம். எங்கே நிற்பது என்பதை ரத்தமே முடிவு செய்கிறது. பெயின்ட் காய்ந்தாலும் சிவப்பாகவே கிடக்கும். ரத்தம் பழுப்பாகும், நாறும். பாதையும் சும்மா எடுத்ததில்லை: அனுமதி கொடுத்த இடத்தில் தொடங்கி, ரியோஸ் மோன்ட் போய் உட்காரத் துடித்த இடத்தில் முடிகிறது. வேறெங்கோ தொடங்கியிருந்தால் இன்னொரு ஊர்வலம், அவ்வளவே. இதைப் பார்த்துவிட்டுத் தலையில் சிவப்புச் சாயத்தைக் கொட்டிக்கொண்டு அலறுகிறவர்கள் கோட்டை விடுவது இங்கேதான்.

என்னைக் கேட்டால் 2013இல் செய்த 'உண்மை' இதைவிடப் பெரிய வேலை. அந்த மே 10இல் ரியோஸ் மோன்ட்டுக்கு இனப்படுகொலைக்கும் மனித குலத்துக்கு எதிரான குற்றங்களுக்கும் சேர்த்து 80 வருஷத் தண்டனை கிடைத்தது. பத்தே நாளில் அதே அரசியல் சாசன நீதிமன்றம் அதை ரத்து செய்தது. கலிந்தோ, அந்தப் படுகொலையில் உயிர் தப்பிய, இஷில் என்ற மாயா பழங்குடிப் பெண்களின் வாக்குமூலங்களை ஒரு மேஜையில் உட்கார்ந்து ஒரு மணி நேரத்துக்கு மேல் வாசித்தார். நடுநடுவே பல் டாக்டர் ஒருவர் வந்து வாயில் மரப்பு ஊசி போட்டுவிட்டுப் போவார். உதடு மரத்தால் ப, ம குழறும். நாக்கும் மரத்தால் த, ல, ர தேயும். உயிரெழுத்து மட்டும் எப்படியோ தப்பிக்கும். நாடகக்காரர் என்றால் குழறலை நடித்திருப்பார், பத்தாவது நிமிஷம் பொய் தெரிந்திருக்கும். இங்கே நடிக்க எதுவுமில்லை, முக்கித் திணறிப் புரியவைக்கப் பார்ப்பதுதான் வேலை. பார்க்கிறவரை அதிகம் உலுக்குவது டாக்டரின் நிதானம். பகையும் இல்லை, பதற்றமும் இல்லை, கையுறை போட்டுக்கொண்டு கடமையைச் செய்கிறார்.

ஒரு குறை உண்டு. கண்காட்சிகளில் இவற்றை ஒற்றை ஃபோட்டோவாகச் சட்டம் போட்டு மாட்டிவிடுகிறார்கள். அந்தப் படத்தில் தடம் இருக்கும், அது மங்கும் நேரம் இருக்காது. ஊசி தெரியும், அதற்குப் பிறகு தடுமாறும் வாக்கியம் கேட்காது.